சாரலின் மகள்

தை பிறந்து பத்து நாள் ஆகியிருந்தது. கண்டாச்சிபுரம் கடைத்தெருவில் நான் டீ சொல்லிவிட்டு உட்கார்ந்திருந்தபோது சித்தப்பா வந்தார். வேட்டி முழங்கால்வரை நனைந்திருந்தது. மழை பெய்து பல நாளாகிறது, வாய்க்காலிலும் தண்ணீர் இல்லை. உளுந்து போட்ட கழனியை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு நேராக வந்திருக்கிறார். செடியில் இருந்த பனியெல்லாம் வேட்டிக்கு மாறியிருந்தது.

"நெல்லு அறுத்த ஈரமும் இந்தப் பனியுந்தாம்பா இதுக்குத் தண்ணி. மேற்கொண்டு ஒரு சொட்டு நான் உடல" என்றார், வேட்டியைப் பிழிந்துகொண்டே. பிறகு என் மடியில் இருந்த புத்தகத்தைப் பார்த்தார். "இன்னா பொஸ்தகம்?"

"சிரியா கடற்கரையில ஒரு பழைய ஊரப் பத்தி சித்தப்பா. மூவாயிரத்து எரநூறு வருசத்துக்கு முன்னாடி அழிஞ்சுபோன ஊரு. அங்க பனிக்குன்னு ஒரு சாமி இருந்திருக்கு. பொம்பள சாமி."

"மழைக்கு சாமி இருக்கும். பனிக்கு எதுக்குப்பா?"

நனைந்த வேட்டியோடு உட்கார்ந்து அவர் இதைக் கேட்டார். இன்னொரு டீ சொன்னேன். இனி வருவது அன்று அவருக்குச் சொன்னது, கொஞ்சம் கோவையாக.

அந்த ஊரின் பெயர் உகாரித். சிரியாவின் லட்டாக்கியா துறைமுகத்துக்கு வடக்கே ஏழெட்டுக் கல் தொலைவு. 1928ல் அங்கே ஒரு உழவர் ஏர் ஓட்டும்போது கொழு ஒரு கல்லில் இடித்தது. அடியில் பழைய கல்லறை. அடுத்த ஆண்டே பிரெஞ்சு ஆய்வாளர் குளோத் ஷேஃபர் தோண்ட ஆரம்பித்தார். கல்லறையைத் தாண்டி, பக்கத்து மேட்டில் ஒரு நகரமே இருந்தது. அதற்குள் களிமண் பலகைகள் குவியலாகக் கிடைத்தன. அதுவரை யாரும் பார்த்திராத எழுத்து. ஆப்பு வடிவக் கீறல்கள்தான், ஆனால் மொத்தம் முப்பதே எழுத்து, நம் உயிரும் மெய்யும் சேர்ந்த கணக்கு. எழுத்து குறைவாக இருந்ததால் 1930லேயே படித்துவிட்டார்கள். மொழி எபிரேயத்துக்கும் அரபிக்கும் உறவுமுறை. இலிமில்கு என்ற எழுத்தர் தன் பெயரையும் போட்டு எழுதிவைத்த பெரிய கதை ஒன்று அதில் இருந்தது. அது பாகாலின் கதை.

பாகால் என்றதும் டீக்கடைக்காரர் திரும்பிப் பார்த்தார். அவர் முகையூர் மாதா கோயிலுக்குப் போகிறவர். "எலியா தீர்க்கதரிசி சண்டை போட்ட பாகாலா சார்?"

அதே பாகால்தான். பைபிளில் எதிராளியாக மட்டும் தெரிகிற அந்தத் தெய்வத்தை, கும்பிட்டவர்கள் வாயாலேயே நமக்குக் காட்டியது உகாரித். இடியும் மின்னலும் அவன் கையில். மேகத்தின் மேல் ஏறி வருபவன் என்பது அவனுக்குப் பட்டம். அவனுக்கு மூன்று பெண்கள். பித்ராய், ஒளியின் மகள். மின்னல் வெளிச்சம் என்று கொள்பவர்கள் உண்டு. தல்லாய், சாரலின் மகள். மூன்றாமவள் அர்சாய், பெயரிலேயே நிலம் இருக்கிறது. தல்லாயின் பெயரில் இருக்கும் 'தல்' என்ற சொல்லுக்குப் பனி என்று பொருள்.

பனிக்கு ஏன் தனியாக ஒரு பெண்? சித்தப்பா கேட்டதற்கு விடை அந்த நாட்டு வானத்தில் இருக்கிறது. அங்கே மழை என்பது ஐப்பசியில் தொடங்கிச் சித்திரையோடு முடிகிற சங்கதி. அப்புறம் ஐந்து மாதம் வானம் வெறும் நீலம். ஆனால் திராட்சையும் அத்தியும் முலாம்பழமும் முற்றுவது அந்த ஐந்து மாதத்தில்தான். மண்ணுக்குள் மிச்சமிருக்கும் ஈரம் ஒன்று, மத்தியதரைக் கடலிலிருந்து வருகிற ஈரக்காற்று ராத்திரியில் இலைமேல் விடும் பனி ஒன்று. இந்த இரண்டை வைத்துக்கொண்டுதான் செடி கோடையைத் தாண்ட வேண்டும். இடி இடிக்கிற அப்பா ஊரில் இல்லாத மாதங்களில் வீட்டைப் பார்த்துக்கொள்கிற மகள் அவள்.

சித்தப்பா தலையாட்டினார். "நம்ம உளுந்து மாதிரி."

உளுந்து மாதிரியேதான். பனி எப்படி விழுகிறது என்பதையும் அவருக்குச் சொன்னேன். உண்மையில் அது விழுவதில்லை. மேகமில்லாத இரவில் இலை தன் சூட்டை நேராக வானத்துக்கு விட்டுவிடுகிறது. சுற்றியிருக்கிற காற்றைவிட இலை குளிர்ந்துபோகிறது. அப்போது காற்றில் இருக்கும் ஈரம், ஐஸ் போட்ட தம்ளருக்கு வெளியே வேர்ப்பது போல, இலைமேல் வந்து ஒட்டுகிறது. மேகம் மூடிய இரவில் பனி இருக்காது, காற்று பலமாக அடித்தாலும் இருக்காது. அளந்து பார்த்தால் ஒரு ராத்திரிக்கு அதிகம் போனால் அரை மில்லிமீட்டர். மழைமானி வைத்திருப்பவர் கணக்கில்கூடச் சேர்க்கமாட்டார். இந்த அரை மில்லிமீட்டருக்குத்தான் உகாரித்காரர்கள் ஒரு பெயர் வைத்து, ஒரு குடும்பத்தில் பெண்ணாக உட்காரவைத்து, கதைக்குள் கொண்டுவந்தார்கள்.

கதையில் பாகாலின் பெண்களுக்குக் கிடைக்கிற இடமெல்லாம் சின்ன இடம்தான். பாகாலுக்கு முதலில் சொந்த வீடு இல்லை. மற்ற தெய்வங்களுக்கு இருப்பதுபோல எனக்கு ஒரு வீடில்லையே என்று அவனுக்குக் குறை. அந்தக் குறையைச் சொல்லும் இடத்தில் பித்ராயும் தல்லாயும் அர்சாயும் வரிசையாக வந்துவிடுகிறார்கள். பெண்பிள்ளைகளை வைத்துக்கொண்டு வீடில்லாமல் நிற்பவனின் குரல் அது. வீடு கட்ட வந்த தெய்வத் தச்சன் ஜன்னல் வைக்கட்டுமா என்கிறான். வேண்டாம் என்கிறான் பாகால். அந்த இடத்தில் களிமண் சிதைந்திருக்கிறது, ஆனால் இரண்டு மகள்களின் பெயரும் படிக்கக் கிடைக்கிறது. பெண்கள் வெளியே போய்விடுவார்கள் என்ற பயமாக இருக்கலாம் என்று படிப்பவர்கள் உண்டு. பிறகு மனம் மாறி ஜன்னல் திறக்கிறான். அது மேகத்தில் விழுகிற பிளவு. அதன் வழியாகத்தான் அவன் குரல் இடியாகக் கேட்கிறது.

இன்னொரு இடம் எனக்கு மிகவும் பிடித்தது. மோத் என்று ஒருவன், சாவின் தெய்வம். பாகாலைத் தன் தொண்டைக்குள் இறங்கிவரச் சொல்லி அழைப்பு அனுப்புகிறான். தனியாக வரக்கூடாது. உன் மேகத்தைக் கொண்டுவா, காற்றைக் கொண்டுவா, மழையைக் கொண்டுவா, பித்ராயையும் தல்லாயையும் கூட்டிவா. மழை மட்டும் போனால் வறட்சி முழுமையாகாது என்று அந்த எழுத்தருக்குத் தெரிந்திருக்கிறது. பனியும் போக வேண்டும். அந்தப் பட்டியலில் அர்சாய் பெயர் இல்லை. நிலத்தின் பெயர் கொண்டவள் மட்டும் மேலே தங்கிவிட்டாள் என்றுதான் நான் படித்துக்கொள்கிறேன்.

"பனியும் மழையும்" என்றார் டீக்கடைக்காரர், பாலை ஆற்றிக்கொண்டே. எலியா ராஜாவிடம் போய்ச் சொல்லும்போது இனிமேல் பனியும் கிடையாது மழையும் கிடையாது என்றுதானே சொல்வார் சார், நான் சும்மா ஒரு பேச்சுக்குச் சொல்வது என்று நினைத்திருந்தேன் என்றார். எனக்கே அது அன்றைக்குத்தான் உறைத்தது. எலியா பாகாலை அவன் வீட்டோடு சேர்த்துச் சவாலுக்கு இழுத்திருக்கிறார். மழை அப்பனுடையது என்றால் பனி மகளுடையது, இரண்டும் உன்னால் ஆகாது என்று.

அந்தத் தெய்வங்கள் எல்லாரும் போய்விட்டார்கள். கி.மு. 1200ஐ ஒட்டி உகாரித் எரிந்து, திரும்ப எழவில்லை. ஆனால் தல் என்ற சொல் இருக்கிறது. யூதர்கள் ஐப்பசியை ஒட்டி வருகிற ஒரு பண்டிகையில் மழைக்கு வேண்டத் தொடங்கி, பஸ்கா பண்டிகையின் முதல் நாளில் அதை நிறுத்தி, அன்றே பனிக்கென்று தனி வேண்டுதல் செய்கிறார்கள். இன்றும் நடக்கிறது. கும்பிடுகிற பெயர் மாறினாலும் மழைக்கு ஒன்று, பனிக்கு ஒன்று என்ற பிரிவு மாறவில்லை. எபிரேயத்தில் பிள்ளைகளுக்குத் தல் என்றே பெயர் வைக்கிறார்கள்.

இங்கே சித்தப்பா ஒரு கேள்வி போட்டார். "நம்ம மாரியம்மா அப்ப யாரு? அங்கேருந்து வந்தவளா?"

இதைக் கேட்கிறவர்கள் நிறையப் பேர். சிரியாவில் யூப்ரடீஸ் கரையில் மாரி என்றே ஒரு பழைய நகரம் இருந்தது, 1933லிருந்து தோண்டியிருக்கிறார்கள். பெயர் ஒத்துப்போகிறதே என்று அதையும் நம் அம்மனையும் ஒரே கயிற்றில் கட்டிப் பேசுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். எனக்கு அதில் துளியும் உடன்பாடில்லை. ஓசை ஒத்தால் உறவாகிவிடாது. மாரி நம் சொல். சங்கப் பாட்டில் மாரி என்றால் மழை. பாரியை எல்லாரும் புகழ்கிறீர்களே, உலகைக் காக்க மாரியும் இருக்கிறதே என்ற பொருளில் கபிலர் பாடியிருக்கிறார். வடமொழியில் மாரி என்பது கொள்ளைநோய், அந்த வழியில் வந்த பெயர் என்று சொல்பவர்களும் உண்டு. கூழ் ஊற்றுகிற பெண்களுக்கு இரண்டும் ஒருத்திதான். அது தவறு என்று நான் நினைக்கவில்லை, ஏன் என்று சொல்கிறேன்.

சிலப்பதிகாரத்தின் முகப்பில் உரைபெறு கட்டுரை என்று ஒரு சிறு பகுதி இருக்கிறது. கண்ணகி மதுரையை எரித்துவிட்டுப் போன பிறகு பாண்டிய நாட்டில் மழை இல்லை. வறுமை வந்தது, வெப்பு நோய் வந்தது, கொப்புளம் வந்தது. கொற்கையிலிருந்த வெற்றிவேற்செழியன் அவளுக்குச் சாந்தி செய்தான், மழை பெய்தது, நோய் நீங்கியது. அந்தச் சாந்தியில் நடந்ததாகச் சொல்லப்படும் பொற்கொல்லர் கொலை படிக்கும்போது உடம்பைக் கூசவைக்கிறது. ஆனால் வறட்சி, சூடு, கொப்புளம், மழை, நிவாரணம் என்ற வரிசையைப் பாருங்கள். அம்மன் கோயில் வாசலில் இன்றைக்கும் இருக்கிற வரிசை அதுதான்.

அந்த வரிசையில் கண்ணால் கண்ட உண்மை ஒன்று இருக்கிறது. பெரியம்மை நம் நாட்டில் வறண்ட மாதங்களில் ஏறி, மழை பிடித்ததும் இறங்கிக்கொண்டிருந்தது. அந்தக் கிருமி வறண்ட காற்றில் நெடுநேரம் தாங்கும், ஈரக்காற்றில் சீக்கிரம் அழியும். மழைத்தண்ணீரே மருந்து என்று நம் பாட்டிகள் நினைத்தது வெறும் பயத்தில் வந்த நினைப்பு இல்லை. பல தலைமுறை பார்த்துப் பார்த்துச் சேர்த்த கணக்கு. ஆகவே அம்மை போட்ட வீட்டில் 'அம்மா வந்திருக்கா' என்றார்கள், கொப்புளத்தை முத்து என்றார்கள், வேப்பிலை செருகினார்கள், இறங்கியதும் தலைக்குத் தண்ணீர் ஊற்றினார்கள். இலங்கையின் மட்டக்களப்புப் பக்கம் கண்ணகி அம்மனுக்கு வைகாசியில் எடுக்கும் சடங்குக்குக் குளிர்த்தி என்றே பெயர். சூடேறிய அம்மனையும் ஊரையும் ஒருசேரக் குளிரவைப்பது. இந்தியாவில் பெரியம்மை 1975ல் கடைசியாக வந்தது. 1980ல் உலகத்திலிருந்தே ஒழிந்ததாக அறிவித்தார்கள். நோய் போய்விட்டது. மாரி இருக்கிறாள், ஏனென்றால் மழை இன்னும் வேண்டியிருக்கிறது.

மழைக்கு நமக்கும் ஒரு பெரிய சாமி இருந்தான். தொல்காப்பியம் மருதநிலத்துக்கு வேந்தன் என்று சொல்வது இந்திரனை. பூம்புகாரில் அவனுக்கு விழா எடுத்தார்கள். அந்த விழா நின்றதால் ஊரைக் கடல் கொண்டது என்று மணிமேகலை சொல்கிறது. இன்று கண்டாச்சிபுரத்தைச் சுற்றி எந்த ஊரிலாவது இந்திரனுக்குக் கோயில் இருக்கிறதா? பத்து நாள் முன்னால் போகி கொண்டாடினோமே, அந்தப் பெயரில்தான் அவன் மிச்சமிருக்கிறான். பாகாலைப் போல அவனும் இடிக்காரன். ஏரிக்கரையில் குட்டையான கல்லாக நின்ற மாரிதான் தங்கினாள். அவளைச் சிறுதெய்வம் என்று புத்தகங்கள் எழுதுகின்றன. அந்தச் 'சிறு'வில் எனக்கு வருத்தம் உண்டு. ஒரு ஊர், ஒரு ஏரி, ஒரு போக மல்லாட்டை (நிலக்கடலை) என்று அவளுக்கு எல்லை குறிக்கப்பட்டிருக்கிறது. அந்த எல்லைக்குள் நடப்பதற்கெல்லாம் அவள்தான் பதில் சொல்ல வேண்டும். உலகத்துக்கே மழை தருகிறவனிடம் யாரும் போய் எங்கள் ஏரி ஏன் நிரம்பவில்லை என்று சண்டை போட முடியாது. இவளிடம் முடியும்.

சண்டை போட்டதை நான் பார்த்திருக்கிறேன். 1983ல் நான் ஐந்தாவது படித்துக்கொண்டிருந்தேன். மானாவாரிக் கொல்லையெல்லாம் பாளம் பாளமாக வெடித்திருந்தது. ஒருநாள் சாயங்காலம் எங்கள் ஆயாவும் தெருப் பெண்களும் ஒரு பானையை எடுத்துக்கொண்டு மழைச்சோறு எடுக்கக் கிளம்பினார்கள். வீடு வீடாக நின்று கேட்டு வாங்கினார்கள். ஒரு வீட்டில் கம்பஞ்சோறு, ஒரு வீட்டில் பழைய கஞ்சி, எங்கள் வீட்டில் களி. எதிலும் உப்பு இருக்கக்கூடாது. எல்லாவற்றையும் ஒன்றாகக் கரைத்து, கோயிலுக்கு முன்னால் உட்கார்ந்து, செத்த வீட்டில் அழுவதுபோல அழுதார்கள். ஊரைவிட்டுப் போகிறோம், நீ மட்டும் இரு என்று அம்மனைப் பார்த்துச் சொன்னார்கள். எனக்கும் ஒரு கை உருட்டிக் கொடுத்தாள் ஆயா. உப்பில்லாத அந்தக் கஞ்சியின் ருசி, ருசி என்றே சொல்ல முடியாத அது, இன்னும் நாக்கில் இருக்கிறது. இரண்டு நாள் கழித்து ஆண்கள் வைக்கோலில் கொடும்பாவி செய்து தெருத்தெருவாக இழுத்துப்போய் எரித்தார்கள். ஊரின் பாவமெல்லாம் அந்த வைக்கோல் உடம்பில்.

உகாரித் கதையில் பாகாலின் துணைக்கு இருக்கும் அனாத், சாவாகிய மோத்தைப் பிடித்து வாளால் பிளந்து, முறத்தில் தூற்றி, நெருப்பில் சுட்டு, எந்திரத்தில் அரைத்து, வயலில் விதைக்கிறாள். அதைப் படித்த அன்று எனக்கு அந்தக் கொடும்பாவிதான் கண்முன் வந்தது. ஒன்றிலிருந்து ஒன்று வந்ததில்லை. தண்ணீர் இல்லாத ஊரில் மனிதர்களுக்கு வறட்சியை ஒரு உடம்பாக்கி, இழுத்துப்போட்டு அடிக்கத் தோன்றுகிறது. அங்கேயும் தோன்றியிருக்கிறது.

நம் பக்கத்தில் இன்னும் ஒரு வழி உண்டு. செஞ்சியைச் சுற்றித் திரௌபதை அம்மன் கோயில்களில் பாரதம் படிப்பார்கள். மழை இல்லையென்றால் விராட பருவம் படி என்பார்கள். ஏன் விராட பருவம் என்று சின்ன வயதில் கேட்டால் யாரும் சொல்லமாட்டார்கள். பாண்டவர் ஒளிந்திருந்த ஊரைக் கண்டுபிடிக்கப் பீஷ்மர் ஒரு அடையாளம் சொல்கிறார்: தருமன் இருக்கும் நாட்டில் மழை பருவம் தவறாது. அவ்வளவுதான் சங்கதி. சித்தப்பா இதைக் கேட்டுக் கொஞ்சநேரம் பேசாமல் இருந்தார். அவர் வயசுக்கு எத்தனை முறை அந்தக் கூத்து பார்த்திருப்பார்! மழை பொய்த்த வருசங்களில் முஸ்லிம்கள் திடலில் கூடி மழைத் தொழுகை நடத்துவதும் இதே தவிப்புதான்.

எல்லா மழையும் ஒரே மழை இல்லை என்பது இங்கே யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆடியில் வெயில் காய்ந்து, மேற்கே கறுத்து, சாயங்காலம் இடியோடு கொட்டிவிட்டுப் போவது ஒன்று. வானொலியில் வெப்பச் சலனம் என்பார்கள். அதை நம்பித்தான் சாகைக் கூழ் வார்த்த கையோடு மல்லாட்டை விதைப்பது. ஐப்பசி கார்த்திகையில் கடலிலிருந்து வந்து ஏரியை நிரப்புவது ஒன்று; வருச மழையில் ஏறக்குறையப் பாதி அதுதான். அப்புறம் 2024 நவம்பர் 30 மாதிரி ஒன்று. ஃபெஞ்சல் புயல் கரையேறியபோது மயிலத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 50 சென்டிமீட்டர். சாத்தனூர் அணை திறந்து தென்பெண்ணை கரைபுரண்டு, விழுப்புரம் சுற்றிலும் பயிரெல்லாம் முழுகியது. பாகால் ஜன்னலைத் திறந்தால் அப்படித்தான் இருக்கும். அந்தப் புயலுக்குப் பெயர் கொடுத்தது சவுதி அரேபியா. உகாரித் மொழிக்கு உறவான அரபி பேசுகிற நாடுதான்.

இடிக்காரனுக்குப் பக்கத்தில் ஒரு பெண் என்பது உகாரித்தில் மட்டும் இல்லை. மெசபடோமியாவில் இடித்தெய்வம் அதாதுக்கு ஷாலா என்று ஒரு மனைவி. அவள் கையில் பார்லிக் கதிர் இருக்கும். அந்தக் கதிரை வானத்திலும் ஒரு நட்சத்திரமாக அவர்கள் காட்டினார்கள். அந்த நட்சத்திரத்தை நாம் சித்திரை என்கிறோம், மாதத்துக்கே அந்தப் பெயர்தான். இதைச் சொன்னதும் டீக்கடைக்காரர் மேலே பார்த்தார். காலை எட்டு மணி, வெயில்தான் தெரிந்தது.

"எல்லாஞ் சரி. பனிக்கு நம்மகிட்ட சாமி இல்லையே" என்றார் சித்தப்பா.

இல்லைதான். நானும் தேடிப் பார்த்தேன். ஆனால் தொல்காப்பியர் வருசத்தை ஆறாகப் பிரித்தபோது அதில் இரண்டைப் பனிக்குக் கொடுத்துவிட்டார், முன்பனி ஒன்று, பின்பனி ஒன்று. மழைக்குக் கார், குளிருக்குக் கூதிர், வெயிலுக்கு இரண்டு வேனில், பனிக்கு இரண்டு. ஆறில் இரண்டு என்பது கொஞ்சமான மரியாதை இல்லை.

சித்தப்பா டீத் தம்ளரைக் கவிழ்த்து வைத்தார். வேட்டி காய்ந்துவிட்டிருந்தது. "நாளைக்கு விடியல்ல கழனிக்கு வா. அசுவினி ஏறியிருக்குது, சாம்பல் தூவணும். பனி இருக்கறப்பத்தான் ஒட்டும்" என்றார்.

மறுநாள் ஐந்தரைக்குப் போனேன். அவர் முறத்தில் அடுப்புச் சாம்பலை வைத்துக்கொண்டு வரிசையாகத் தூவிக்கொண்டே நடந்தார். பனி கோத்த இலையில் சாம்பல் விழுந்ததும் நனைந்து ஒட்டிக்கொண்டது. தொட்டுப் பார்த்தேன், விரலில் கறுப்புச் சேறாக வந்தது. வரப்போரத்துப் புளியமரத்துக்கு அடியில் மட்டும் இலையெல்லாம் காய்ந்திருந்தது. தலைக்குமேல் கிளை மூடியிருந்தால் இலை தன் சூட்டை வானத்துக்கு விட முடியாது, அங்கே பனி பிடிக்காது. சாம்பல் தூவினால் காற்றோடு போய்விடும். சித்தப்பா முறத்தைக் கீழே வைத்தார். சொம்பில் கொண்டுவந்திருந்த தண்ணீரைக் கையால் அள்ளி அந்த நாலு வரிசைக்கு மட்டும் மெல்லத் தெளித்தார். அப்புறம் சாம்பலைத் தூவினார்.